சுழிமாய்க் கலவை: திரும்பத் திரும்பக் கேட்கப்படும் கேள்விகள்

பன்னிரண்டாம் வகுப்பு மாணவர்களுக்குக் கரிம வேதியியல் சொல்லித் தருகிறேன். ஒவ்வொரு ஆண்டும் புறவெளி மாற்றியம் (அணுக்கள் ஒரே வரிசையில் இணைந்திருந்தும் வெளியில் அமையும் விதத்தில் வேறுபடும் மூலக்கூறுகள்) பாடம் வந்ததும் இந்த ஒரு சொல்லைச் சுற்றியே சந்தேகங்கள் குவியும். கேட்டவர்கள் கேட்ட விதத்திலேயே கேள்விகளைத் தொகுத்திருக்கிறேன். முதல் சில கேள்விகள் எளியவை. தேர்வுக்குப் படிப்பவர்கள் எட்டாவது கேள்வியை மட்டும் இரண்டு முறை படியுங்கள். அதிகம் பேர் தவறுவது அங்கேதான்.

1. சுழிமாய்க் கலவைன்னா என்ன சார்? ஒரே வரியில சொல்லுங்க.

ஒன்றுக்கொன்று ஆடி பிம்பமாக இருக்கிற, ஆனால் ஒன்றின் மேல் ஒன்று பொருந்தாத இரண்டு மூலக்கூறு வடிவங்கள் சரிபாதி அளவில் கலந்திருந்தால் அது சுழிமாய்க் கலவை. ஆங்கில வழியில் படிப்பவர்கள் ரெசிமிக் கலவை என்பார்கள்.

இந்த வரியில் "ஆடி பிம்பம்", "சரிபாதி" ஆகிய இரண்டும் முக்கியம். இரண்டில் ஒன்று குறைந்தாலும் அந்தப் பெயரைப் பயன்படுத்த முடியாது.

2. கண்ணாடி முன்னாடி வெச்சா எல்லாத்துக்கும்தான் பிம்பம் தெரியும். இதுல என்ன விசேஷம்?

பிம்பம் எல்லாவற்றுக்கும் உண்டு. அந்தப் பிம்பம் அசலோடு பொருந்துகிறதா என்பதுதான் கேள்வி. ஒரு டம்ளரின் பிம்பமும் டம்ளரும் ஒன்றேதான். இடது கால் செருப்பின் பிம்பமோ வலது கால் செருப்பு. எப்படித் திருப்பிப் போட்டாலும் ஒன்று மற்றொன்றாகாது. ஒரு கார்பன் அணுவில் நான்கு வெவ்வேறு தொகுதிகள் இணைந்திருந்தால் மூலக்கூறுக்கும் இதே நிலைமை வருகிறது. அந்தக் கார்பனைச் சீர்மையற்ற கார்பன் என்கிறோம். இப்படி இணையாக வரும் இரண்டு வடிவங்களுக்கு இனன்சியோமர்கள் என்று பெயர்.

கல்யாண மண்டப வாசலில் கிடக்கும் செருப்புக் குவியலை நினைத்துக்கொள்ளுங்கள். எத்தனை இடது உண்டோ அத்தனை வலதும் உண்டு. சுழிமாய்க் கலவை அப்படிப்பட்டது. கடலில் கிடைக்கும் சங்குகள் அப்படி இல்லை. வலம்புரியும் இடம்புரியும் ஆடி பிம்பங்கள்தான், ஆனால் வலம்புரி அபூர்வம். அதனால்தான் அதற்கு அவ்வளவு மதிப்பு. சங்குக் குவியலில் இரண்டு வகையும் இருக்கலாம். இருந்தாலும் சரிபாதி இல்லாததால் அதைச் சுழிமாய்க் கலவைக்கு உவமை சொல்ல முடியாது.

3. ஒளியைச் சுழற்றும்னு எழுதியிருக்கே, ஒளி எப்படிச் சுத்தும்?

ஒளிக்கதிர் வட்டமடிப்பதில்லை. ஒரே தளத்தில் மட்டும் அதிரும்படி வடிகட்டிய ஒளியைத் தள முனைவுற்ற ஒளி என்கிறோம். அது ஓர் இனன்சியோமரின் கரைசல் வழியாகப் போகும்போது அந்த அதிர்வுத் தளம் சில டிகிரி சாய்ந்துவிடுகிறது. அதுதான் சுழற்சி. பார்ப்பவருக்கு வலப்பக்கம் சாய்ந்தால் வலஞ்சுழி (+), இடப்பக்கம் சாய்ந்தால் இடஞ்சுழி (−). வலஞ்சுழி என்ற சொல் நமக்குப் புதிதல்ல. காவிரி வலமாகச் சுழித்துத் திரும்பும் இடத்துக்குத்தானே திருவலஞ்சுழி என்று பெயர்.

இதை வீட்டிலேயே பார்க்கலாம். கணினியின் எல்சிடி திரையை வெள்ளையாக வைத்து, அதன் முன்னால் ஒரு கண்ணாடி டம்ளரில் நன்றாகக் கெட்டியான சர்க்கரைப் பாகை வையுங்கள். திரையிலிருந்து வரும் ஒளி ஏற்கெனவே முனைவுற்றது. போலராய்டு குளிர்கண்ணாடியின் ஒரு வில்லை வழியாக டம்ளரைப் பார்த்தபடி வில்லையை மெல்லத் திருப்புங்கள். திரை கறுத்துப்போகும் நிலையிலும் பாகு இருக்கும் இடம் மட்டும் கறுக்காமல் நீலமாகவும் மஞ்சளாகவும் நிறம் மாறித் தெரியும். ஒவ்வொரு நிறத்தையும் சர்க்கரை ஒவ்வொரு அளவு சுழற்றுவதால் வரும் நிறங்கள் அவை. வெறும் தண்ணீரை வைத்தால் எதுவும் நடக்காது. ஆய்வகத்தில் நிறக் குழப்பம் வராமலிருக்க சோடியம் விளக்கின் 589 நானோமீட்டர் மஞ்சள் ஒளியை மட்டும் பயன்படுத்துவோம்.

இனன்சியோமர்கள் இரண்டும் ஒரே அளவு, ஆனால் எதிரெதிர்ப் பக்கம் சுழற்றும். சரிபாதி கலந்தால் ஒன்று சாய்த்ததை மற்றொன்று நிமிர்த்திவிடும். நிகரச் சுழற்சி சுழியம்.

4. "சுழிமாய்" என்ற சொல்லில் சுழி என்றால் பூஜ்யமா? ரெசிமிக்குக்கு என்ன அர்த்தம்?

நல்ல கேள்வி. சுழி என்பதற்குத் தமிழில் பூஜ்யம் என்ற பொருளும் இருக்கிறது. ஆனால் இங்கே அது சுழற்சியைக் குறிக்கிறது. சுழற்சி மாய்ந்துபோன கலவை என்பதால் சுழிமாய்க் கலவை. ஒளி சுழலாமல் போவதைப் பெயரே சொல்லிவிடுகிறது. எனக்கு மிகவும் பிடித்த கலைச்சொற்களில் இது ஒன்று.

ரெசிமிக் என்ற சொல்லுக்கு மூலம் லத்தீனின் ரசேமஸ், அதாவது திராட்சைக் குலை. திராட்சை மது தயாராகும் பீப்பாய்களில் படியும் உப்பிலிருந்து டார்ட்டாரிக் அமிலம் எடுப்பார்கள். 1820 வாக்கில் பிரான்சின் ஆல்சேஸ் பகுதியில் ஓர் ஆலையில் அதோடு வேறு ஓர் அமிலமும் கிடைத்தது. இயைபு அச்சு அசலாக டார்ட்டாரிக் அமிலம் போலவே இருந்தது, பண்புகள்தான் வேறு. அதற்கு ரெசிமிக் அமிலம் என்று பெயர் வைத்தார்கள். ஒரே இயைபு, இரண்டு பொருள்கள் என்ற இந்தப் புதிரைப் பார்த்துத்தான் 1830-ல் ஸ்வீடன் வேதியியலாளர் பெர்சீலியஸ் மாற்றியம் என்ற கருத்துக்கே பெயர் சூட்டினார். ஓர் அமிலத்தின் பெயராக இருந்தது பின்னால் இந்த வகைக் கலவைகள் அனைத்துக்கும் பொதுப்பெயராகிவிட்டது.

5. அது ரெண்டு பொருளோட கலவைன்னு எப்படிக் கண்டுபிடிச்சாங்க?

கண்ணால் பார்த்து, இடுக்கியால் பொறுக்கி. 1848-ல் பாரிசில் லூயி பாஸ்டருக்கு வயது இருபத்தைந்து. டார்ட்டாரிக் அமிலத்தின் சோடியம் அம்மோனியம் உப்பு ஒளியைச் சுழற்றுகிறது. ரெசிமிக் அமிலத்தின் அதே உப்பு சுழற்றவில்லை. இரண்டின் படிகங்களும் ஒரே மாதிரி இருப்பதாக மிட்செர்லிக் என்ற பெரிய படிகவியல் அறிஞர் எழுதியிருந்தார். பாஸ்டர் அந்தப் படிகங்களை மறுபடியும் உற்றுப் பார்த்தார். ஓரத்தில் சின்னதாக ஒரு சாய்வு முகம். சுழற்றாத உப்பில் சில படிகங்களுக்கு அது வலப்பக்கம் இருந்தது, சிலவற்றுக்கு இடப்பக்கம். இரண்டையும் தனித்தனிக் குவியலாகப் பிரித்து, தனித்தனியாகக் கரைத்து ஒளியைச் செலுத்தினார். ஒன்று வலஞ்சுழி, மற்றொன்று இடஞ்சுழி. இரண்டையும் சம எடையில் கலந்தபோது சுழற்சி போய்விட்டது.

ஒளிச்சுழற்சி ஆய்வில் மூத்தவரான பியோவுக்கு அப்போது எழுபது வயதுக்கு மேல். அவர் உடனே நம்பவில்லை. தானே அமிலத்தைக் கொடுத்து, தன் கண்ணெதிரே செய்துகாட்டச் சொன்னார். இடப்பக்க முகம் கொண்ட படிகங்களின் கரைசலைக் கருவியில் வைத்து, அது இடப்பக்கம் சுழற்றுவதைப் பார்த்ததும் இளைஞரின் கையைப் பிடித்துக்கொண்டு நெகிழ்ந்தார் என்று பாஸ்டரே பின்னாளில் சொல்லியிருக்கிறார்.

இதில் வானிலைக்கும் பங்கு உண்டு. அந்த உப்பு சுமார் 27 டிகிரி செல்சியசுக்குக் கீழே படிகமானால்தான் வலமும் இடமும் தனித்தனிப் படிகங்களாக வரும். வெப்பம் அதற்கு மேலே போனால் ஒவ்வொரு படிகத்திலும் இரண்டும் கலந்தே இருக்கும், பொறுக்கவே முடியாது. சித்திரை வெயிலில் சென்னையில் செய்து பார்த்திருந்தால் இது கிடைத்திருக்காது. மூலக்கூறு மட்டத்தில் காரணம் தெரிய இன்னும் 26 ஆண்டுகள் ஆயின. 1874-ல் வான்ட் ஹாஃபும் லெ பெல்லும் தனித்தனியாக, கார்பனின் நான்கு பிணைப்புகள் நான்முகி மூலைகளை நோக்கி இருக்கின்றன என்ற விளக்கத்தைத் தந்தார்கள்.

6. (±), டிஎல், ஆர்எஸ்னு விதவிதமா எழுதுறாங்க. எது சரி?

சுழிமாய்க் கலவையைப் பெயருக்கு முன்னால் (±) போட்டு எழுதினால் எந்தக் குழப்பமும் இல்லை. பழைய நூல்களில் சிறிய எழுத்து டி, எல் வரும். அவை வலஞ்சுழி, இடஞ்சுழி என்ற பொருளில் வந்தவை, இப்போது தவிர்க்கிறார்கள். பெரிய எழுத்து டி, எல் வேறு. அவை அமைப்பை, அதாவது தொகுதிகள் வெளியில் அமைந்திருக்கும் விதத்தைக் குறிக்கும், சுழற்சித் திசையைக் குறிக்காது. ஆர், எஸ் என்பவையும் அமைப்புக் குறியீடுகளே.

பழச்சர்க்கரை ஃப்ரக்டோஸ் பெரிய டி வகை, ஆனால் இடஞ்சுழி. நம் தசையில் உருவாகும் லாக்டிக் அமிலம் பெரிய எல் வகை, ஆனால் வலஞ்சுழி. ஆகவே பெயரிலுள்ள எழுத்தைப் பார்த்துத் திசையைச் சொல்லாதீர்கள். திசையை அளந்துதான் சொல்ல முடியும்.

7. வினை நடந்தா ஏன் எப்பவும் கரெக்டா பாதிப்பாதி வருது?

அசிட்டால்டிஹைடோடு ஹைட்ரஜன் சயனைடு சேரும் வினையை எடுத்துக்கொள்வோம். அசிட்டால்டிஹைடின் கார்பனைல் பகுதி (கார்பனும் ஆக்சிஜனும் இரட்டைப் பிணைப்பில் சேர்ந்த இடம்) தட்டையானது. சயனைடு மேலிருந்தும் வரலாம், கீழிருந்தும் வரலாம். மேலே வந்தால் ஒரு வடிவம், கீழே வந்தால் அதன் பிம்பம். இரண்டு பாதைக்கும் ஆற்றல் தேவை துளியும் வேறுபடாது. ஒரு துளிக் கரைசலிலேயே எண்ணிலடங்காத மூலக்கூறுகள் இருப்பதால் பூவா தலையா போட்டதுபோல் சரிபாதி வந்துவிடுகிறது. அந்த விளைபொருளை நீராற்பகுத்தால் கிடைக்கும் லாக்டிக் அமிலமும் சுழிமாய்க் கலவைதான்.

ஒரு தொகுதி முதலில் வெளியேறி, பிறகு அந்த இடத்தில் வேறொன்று சேரும் எஸ்என்1 வினையிலும் இதே கதை, தட்டையான கார்பன் நேரயனி (நேர்மின்சுமை கொண்ட கார்பன்) வழியாக நடக்கிறது. தேர்வில் "சுழிமாய்க் கலவை கிடைக்கும்" என்று எழுதினால் மதிப்பெண் உண்டு. உண்மையில் பல வினைகளில் துல்லியமாகப் பாதி வராது. வெளியேறும் தொகுதி சிறிது நேரம் ஒரு பக்கத்தை மறைத்துக்கொண்டு நிற்பதால், எதிர்ப்பக்கத் தாக்குதலில் வரும் வடிவம் கொஞ்சம் கூடுதலாக இருக்கும். வெளியேறுவதும் சேர்வதும் ஒரே நேரத்தில் நடக்கும் எஸ்என்2 வேறு மாதிரி. அதில் பின்பக்கத் தாக்குதல் மட்டுமே நடப்பதால் காற்றில் குடை மடங்கித் திரும்புவதுபோல் அமைப்பு முழுவதும் தலைகீழாகும், கலவை வராது.

8. பொலாரிமீட்டர்ல சுழியம் வந்தா அது சுழிமாய்க் கலவைதானே?

இல்லை. பொலாரிமீட்டர் என்பது ஒளிச்சுழற்சியை அளக்கும் கருவி, அவ்வளவுதான். நான்காம் கேள்வியில் புகழ்ந்த அதே தமிழ்ச்சொல் இங்கே நம்மைத் தடுக்கி விழவைக்கிறது. சுழற்சி மாய்ந்தது எல்லாம் சுழிமாய்க் கலவை என்று மனம் திருப்பிப் படித்துக்கொள்கிறது. வரையறை முதல் பதிலில் உள்ளதுதான்: ஆடி பிம்பங்கள், சரிபாதி. சுழற்சி சுழியமாவது அதன் விளைவு மட்டுமே.

தண்ணீரும் சாராயமும் கூடச் சுழியம்தான் காட்டும். அவற்றின் மூலக்கூறுக்குக் கைப்பக்கமே (இடது, வலது என்ற வேறுபாடே) கிடையாது. அடுத்தது மீசோ சேர்மம். டார்ட்டாரிக் அமிலத்தில் சீர்மையற்ற கார்பன்கள் இரண்டு. ஒன்று வலப்பக்க அமைப்பு, மற்றது அதன் பிம்பம் என்று அமைந்துவிட்டால் ஒரே மூலக்கூறின் மேல்பாதியும் கீழ்ப்பாதியும் ஒன்றையொன்று ஈடுசெய்துகொள்ளும். அது மீசோ டார்ட்டாரிக் அமிலம். அதில் இருப்பது ஒரே வகை மூலக்கூறு, கலவையே இல்லை.

எப்படி வேறுபடுத்துவது என்றால், பிரிக்க முடியுமா என்று கேளுங்கள். சுழிமாய்க் கலவையை முயன்றால் இரண்டாகப் பிரிக்கலாம். மீசோவை எந்த வித்தையாலும் பிரிக்க முடியாது. பிரிக்க அதில் இரண்டு பொருள் இல்லை. சுழிமாய்க் கலவையில் ஈடுசெய்வது பக்கத்து மூலக்கூறு, மீசோவில் மூலக்கூறு தன்னைத்தானே ஈடுசெய்கிறது.

9. சர்க்கரையை நீராற்பகுத்தா குளுக்கோஸும் ஃப்ரக்டோஸும் சமமா வருது. ஒண்ணு வலஞ்சுழி, ஒண்ணு இடஞ்சுழி. அப்போ அது சுழிமாய்க் கலவையா?

சரிபாதி இருக்கிறது, எதிரெதிர்த் திசையும் இருக்கிறது. ஆனால் குளுக்கோஸும் ஃப்ரக்டோஸும் ஒன்றுக்கொன்று ஆடி பிம்பங்கள் இல்லை, வேறு வேறு சேர்மங்கள். குளுக்கோசின் நியமச் சுழற்சி (குறிப்பிட்ட செறிவுக்கும் நீளத்துக்கும் கணக்கிட்ட சுழற்சி) சுமார் +53, ஃப்ரக்டோசினுடையது சுமார் −92. சேர்த்தால் சுழியம் வராது, இடப்பக்கம்தான் சாயும். வலஞ்சுழியாக இருந்த சர்க்கரைக் கரைசல் இடஞ்சுழியாக மாறுவதால் இதற்கு எதிர்மாற்றச் சர்க்கரை என்று தனிப் பெயர்.

10. 60க்கு 40 இருந்தா அதுக்கு என்ன பேரு?

சுழிமாய்க் கலவை அல்ல. வலஞ்சுழி 60, இடஞ்சுழி 40 என்றால் 40-ம் 40-ம் ஒன்றையொன்று ஈடுசெய்துவிடும். மிச்சம் 20. இதை 20 சதவீத இனன்சியோமர் மிகை என்பார்கள். தூய வலஞ்சுழி வடிவம் +12 டிகிரி காட்டும் என்றால் இந்தக் கலவை அதில் ஐந்தில் ஒரு பங்கு, +2.4 காட்டும். இதே கணக்கில் சுழிமாய்க் கலவையின் மிகை சுழியம், தூய வடிவத்தின் மிகை நூறு.

11. இது கலவையா, சேர்மமா? உருகுநிலை வேற மாதிரி இருக்கே?

கரைசலிலும் வாயுவிலும் கலவைதான். திண்மத்தில்தான் இரண்டு விதம் வருகிறது. மறுபடி அந்தச் செருப்புகள்: இடதெல்லாம் ஒரு குவியல், வலதெல்லாம் ஒரு குவியல் என்று ஒதுங்கினால் ஒவ்வொரு படிகமும் தூயது. பாஸ்டர் பொறுக்கியது இப்படிப்பட்டதைத்தான், இது அரிது. பெரும்பாலும் நடப்பது, ஓர் இடது ஒரு வலது என்று ஜோடி ஜோடியாகவே படிகத்துக்குள் அடுக்கப்படுவது. அதைச் சுழிமாய்ச் சேர்மம் என்கிறார்கள்.

அடுக்கும் முறை மாறினால் உருகுநிலையும் கரைதிறனும் மாறும். தூய வலஞ்சுழி டார்ட்டாரிக் அமிலம் சுமார் 170 டிகிரி செல்சியசில் உருகும். இரண்டும் சேர்ந்த ரெசிமிக் அமிலம் சுமார் 206 டிகிரியில்தான் உருகும், தண்ணீரிலும் குறைவாகவே கரையும். "கலவை என்றால் உருகுநிலை குறையும்" என்ற பொது விதியை இங்கே கண்ணை மூடிக்கொண்டு பொருத்தாதீர்கள்.

12. காய்ச்சி வடிச்சு பிரிக்க முடியாதா?

முடியாது. இரண்டு இனன்சியோமர்களுக்கும் கொதிநிலை ஒன்று, சாதாரணக் கரைப்பான்களில் கரைதிறனும் ஒன்று. இடது கையா வலது கையா என்று அறிய, கை குலுக்க இன்னொரு கை வேண்டும். அதாவது ஏற்கெனவே ஒரு பக்கம் சாய்ந்த வேறொரு மூலக்கூறு வேண்டும்.

அமிலக் கலவையோடு ஒரே கைப்பக்கம் கொண்ட காரத்தைச் சேர்த்தால் இரண்டு உப்புகள் உருவாகும். அவை ஒன்றுக்கொன்று ஆடி பிம்பங்கள் அல்ல, கரைதிறன் வேறுபடும். குறைவாகக் கரைவது முதலில் படிகமாகிவிடும். அப்புறம் வலுவான அமிலம் சேர்த்து உப்பை உடைத்தால் தூய வடிவம் கிடைக்கும். இதற்கு ஆய்வகங்களில் நெடுங்காலமாகப் பயன்பட்ட காரங்களில் ஒன்று புருசின். நம் ஊர் எட்டிக் கொட்டையில் ஸ்ட்ரிக்னினோடு சேர்ந்திருக்கும் அதே நஞ்சு. பாஸ்டர் 1853-ல் சின்கோனா பட்டையிலிருந்து வந்த காரங்களைக் கொண்டு இந்த முறையைத் தொடங்கினார். 1858-ல் ஒரு பூஞ்சை, கலவையிலிருந்து ஒரு வடிவத்தை மட்டும் தின்று மற்றதை விட்டுவைப்பதையும் கண்டார். பிரிப்பதற்குப் பதில் தொடக்கத்திலேயே ஒரு வடிவத்தை மட்டும் உருவாக்கும் வினையூக்கிகளும் வந்துவிட்டன. 2001 வேதியியல் நோபல் பரிசு அதற்காகத்தான் நோல்ஸ், நோயோரி, ஷார்ப்லெஸ் மூவருக்கும் கிடைத்தது.

13. இதெல்லாம் பாடப்புத்தகத்தோட சரியா, இல்ல நிஜத்துலயும் இருக்கா?

மருந்துக் கடையில் இருக்கிறது. தும்மலுக்கும் அரிப்புக்கும் தரும் செடிரிசின் மாத்திரை அட்டையைப் பாருங்கள், 10 மில்லிகிராம் என்றிருக்கும். பக்கத்திலேயே லெவோசெடிரிசின் அட்டை, அதில் 5 மில்லிகிராம். சரிபாதி! செடிரிசின் சுழிமாய்க் கலவை. அதில் வேலையைச் செய்வது முக்கியமாக இடஞ்சுழி வடிவம். அதை மட்டும் தனியே எடுத்தால் பாதி எடை போதும். லெவோ என்ற முன்னொட்டே இடப்பக்கம் என்பதுதான். ஓஃப்ளாக்சசினும் லெவோஃப்ளாக்சசினும் இதேபோன்ற ஜோடி. இதைப் படித்துவிட்டு நீங்களாக மாத்திரையை மாற்றவோ பாதியாக்கவோ வேண்டாம், மருத்துவர் எழுதியதையே சாப்பிடுங்கள்.

வீட்டிலும் இருக்கிறது. கற்பூர மரத்திலிருந்து வடிக்கும் கற்பூரம் வலஞ்சுழி. டர்ப்பன்டைனிலிருந்து ஆலையில் செய்யும் கற்பூரம் பொதுவாகச் சுழிமாய்க் கலவை. எரிவதிலோ மணத்திலோ நமக்கு வேறுபாடு தெரிவதில்லை. புளியில் உள்ள டார்ட்டாரிக் அமிலம் வலஞ்சுழி மட்டுமே, உயிரினம் பெரும்பாலும் ஒரு கைப்பக்கமே செய்யும். தயிர் சற்று விலகி நிற்கிறது. புளிக்கவைக்கும் பாக்டீரியாக்களில் சில லாக்டிக் அமிலத்தின் ஒரு வடிவத்தையும் சில மற்ற வடிவத்தையும் உண்டாக்குவதால் தயிரில் இரண்டும் இருக்கும். ஆனால் பாதிப்பாதி என்று உறுதி சொல்ல முடியாது, ஆகவே பத்தாம் பதிலைப் பாருங்கள்.

14. தாலிடோமைடுல ஒரு வடிவத்தை மட்டும் கொடுத்திருந்தா குழந்தைகள் தப்பிச்சிருப்பாங்களா?

தாலிடோமைடு 1957-ல் மேற்கு ஜெர்மனியில் தூக்க மருந்தாக விற்பனைக்கு வந்தது. கர்ப்பகால வாந்திக்கும் கொடுத்தார்கள். கைகால்கள் வளராமல் குழந்தைகள் பிறப்பது தெரிந்து 1961-ல் திரும்பப் பெற்றார்கள். அதற்குள் பல நாடுகளில் பத்தாயிரத்துக்கும் மேற்பட்ட குழந்தைகள் பாதிக்கப்பட்டிருந்தார்கள். விற்றது சுழிமாய்க் கலவை. ஆர் வடிவம் தூக்கம் தரும், எஸ் வடிவம் கருவைச் சிதைக்கும் என்று பிற்கால ஆய்வுகள் சுட்டின.

"ஆர் வடிவத்தை மட்டும் கொடுத்திருந்தால் போதும்" என்று பல இடங்களில் எழுதிவிடுகிறார்கள். அது தவறு. தாலிடோமைடின் சீர்மையற்ற கார்பனுக்குப் பக்கத்தில் கார்பனைல் தொகுதி இருப்பதால் அங்குள்ள ஹைட்ரஜன் எளிதில் விலகி, மறுபடி எந்தப் பக்கமும் ஒட்டிக்கொள்ளும். உடலுக்குள் சில மணி நேரத்திலேயே ஒரு வடிவம் மற்றொன்றாக மாறிக் கலவையாகிவிடுகிறது. ஆர் வடிவத்தை மட்டும் விழுங்கியிருந்தாலும் அந்தத் தாயின் ரத்தத்தில் எஸ் இருந்திருக்கும். 1992-ல் அமெரிக்க மருந்துக் கட்டுப்பாட்டு அமைப்பு, கைப்பக்கமுள்ள புதிய மருந்துகளில் ஒவ்வொரு வடிவத்தின் செயலையும் தனித்தனியே ஆராய வேண்டும் என்று வழிகாட்டுதல் வெளியிட்டது. வடிவம் மாறுகிறதா என்பதையும் பார்க்கச் சொன்னார்கள்.

15. அப்போ தனியாப் பிரிச்சு வெச்சதும் தானாவே கலவை ஆயிடுமா?

சிலது உடனே, சிலது ஆயிரமாண்டு கழித்து, சிலது ஆகவே ஆகாது. பிணைப்பு உடைந்து சேர எவ்வளவு எளிது என்பதைப் பொறுத்தது. மூன்று வெவ்வேறு தொகுதிகளைத் தாங்கிய சாதாரண அமீனின் நைட்ரஜனும் சீர்மையற்றதுதான். ஆனால் அது அறை வெப்பத்திலேயே வினாடிக்குக் கோடிக்கணக்கான முறை குடைபோல் புரண்டுகொண்டே இருப்பதால் தனியாகப் பிரித்து வைக்க வழியில்லை. சர்க்கரை போன்றவை டப்பாவில் எத்தனை ஆண்டு கிடந்தாலும் மாறாது.

இடைப்பட்ட வேகத்தில் மாறுபவை அமினோ அமிலங்கள். நம் உடல் புரதங்கள் எல் வகை அமினோ அமிலங்களால் ஆனவை. புதிது புதிதாக மாற்றப்படும் திசுக்களில் அது அப்படியே நிலைக்கும். பல்லின் உட்பகுதியான டென்டின் ஒருமுறை உருவானால் பிறகு மாற்றப்படுவதில்லை. அதிலுள்ள அஸ்பார்டிக் அமிலம் ஆண்டுக்காண்டு கொஞ்சம் கொஞ்சமாக டி வடிவத்துக்கு மாறிக்கொண்டே போகிறது. அந்த விகிதத்தை அளந்து ஒருவரின் வயதைக் கணிக்கிறார்கள் தடயவியல் ஆய்வாளர்கள்.